பாதுகாப்புத் தளவாடத் தொழிலில் 'பசுமை' என்பது கண்துடைப்பா, நிஜமா?

முலாம்பட்டறை எழுதியது:

வணக்கம். ராணுவ விமானங்களுக்குப் போகும் போல்ட், பிராக்கெட் மாதிரியான சின்ன உதிரிபாகங்களுக்கு முலாம் பூசிக் கொடுக்கும் இடத்தில் தரக்கட்டுப்பாடு பார்க்கிறேன். எங்களுக்கு ஆர்டர் தரும் பெரிய நிறுவனத்திடமிருந்து சமீபத்தில் நீளமாக ஒரு படிவம் வந்தது. வருடத்துக்கு எவ்வளவு மின்சாரம், அதில் சூரிய மின்சாரம் எவ்வளவு, கழிவுநீர் எங்கே போகிறது, 2030க்குள் உமிழ்வை எவ்வளவு குறைப்பீர்கள் என்று வரிசையாகக் கேள்விகள். கேட்கட்டும், நல்லதுதான். ஆனால் அதே நிறுவனம் அனுப்பும் டிராயிங்கின் கீழ்மூலையில் 'கேட்மியம் முலாம், மேலே மஞ்சள் குரோமேட்' என்று குறிப்பு இருக்கிறது. இரண்டுமே புற்றுநோய் உண்டாக்கும் சமாச்சாரம். அதை மாற்றலாமா என்று கேட்டால், டிராயிங்கைத் தொடக்கூடாது என்று பதில் வருகிறது. கூரையில் சோலார் தகடு போட்டால் பாராட்டுச் சான்றிதழ், முலாம் தொட்டியில் இருப்பதைப் பற்றி ஒரு வார்த்தை இல்லை.

இந்தத் துறையில் நிஜமாகவே சுற்றுச்சூழலுக்காக ஏதாவது நடக்கிறதா, இல்லை எல்லாம் ஆண்டறிக்கையில் போட்டோ போடுவதற்குத்தானா? விவரம் தெரிந்தவர்கள் சொல்லுங்கள்.

---

பீப்பாய்க்கணக்கு எழுதியது:

கண்துடைப்புதான், பெரும்பாலும். உலக ராணுவங்கள் எல்லாம் சேர்ந்து மொத்தப் பசுங்குடில் வாயுக்களில் ஏறத்தாழ 5.5 சதவீதத்துக்குக் காரணம் என்று 2022ல் ஒரு மதிப்பீடு வந்தது. மதிப்பீடு என்றுதான் சொல்ல முடியும், ஏனென்றால் கணக்கு காட்ட வேண்டிய கட்டாயமே யாருக்கும் இல்லை. 1997ல் கியோட்டோவில் பருவநிலை ஒப்பந்தப் பேச்சுவார்த்தை நடந்தபோது அமெரிக்கா அழுத்தம் கொடுத்து, வெளிநாட்டு ராணுவ நடவடிக்கைகளின் எரிபொருளைக் கணக்கிலிருந்து எடுக்க வைத்தது. 2015 பாரிஸ் ஒப்பந்தத்தில் அந்த விலக்கு இல்லை, ஆனால் ராணுவக் கணக்கைத் தனியாகக் காட்டுவது அந்தந்த நாட்டின் விருப்பம் என்று விட்டுவிட்டார்கள். விருப்பம் என்றால் யார் காட்டுவார்கள்?

நேட்டோ 2022ல் மாட்ரிட்டில் 2030க்குள் 45 சதவீதம் குறைப்போம், 2050ல் நெட் ஜீரோ என்று அறிவித்தது ஞாபகம் இருக்கும். கொஞ்சம் உள்ளே படித்தால் அது நேட்டோ என்ற அமைப்பின் சொந்த அலுவலகங்கள், தலைமையகங்கள் ஆகியவற்றுக்கு மட்டும். உறுப்பு நாடுகளின் டாங்கியும் விமானமும் அதில் வராது. உங்கள் படிவமும் அதே ஜாதிதான். தொழிற்சாலை விளக்கை எல்இடி ஆக்கச் சொல்வார்கள், அங்கே செய்யும் விமானம் முப்பது நாற்பது வருடம் பறந்து குடிக்கப் போகும் எரிபொருளைப் பற்றிப் பேச மாட்டார்கள். யானைப் பசிக்குச் சோளப்பொரி.

---

ஸ்பெக்புத்தகம் எழுதியது:

பீப்பாய்க்கணக்கு சொல்வதில் எனக்குப் பெரிய மறுப்பு இல்லை, ஆனால் கேட்டவர் கார்பனைப் பற்றிக் கேட்கவில்லை, தொட்டியைப் பற்றிக் கேட்டிருக்கிறார். இரண்டையும் ஒன்றாகப் போட்டுக் குழப்பினால் பதில் கிடைக்காது.

கேட்மியத்தை ஏன் விட மாட்டேன் என்கிறார்கள் என்றால் காரணம் சோம்பேறித்தனம் மட்டுமல்ல. உப்புக்காற்றில் துரு பிடிக்காது, அலுமினியத்தோடு ஒட்டி இருந்தாலும் ஒன்றை ஒன்று அரிக்காது, அதைவிட முக்கியமாக வழவழப்பு. அதே டார்க்கில் (முறுக்கு விசையில்) முறுக்கினாலும் கேட்மியம் பூசிய போல்ட்டில் கிடைக்கும் இழுவிசை வேறு, அதற்கு மாற்றான ஜிங்க்-நிக்கல் பூசியதில் கிடைப்பது வேறு. அதனால் முலாமை மாற்றினால் பராமரிப்புக் கையேட்டில் இருக்கும் டார்க் அட்டவணையையும் சரிபார்க்க வேண்டும். உயர்வலிமை எஃகு என்றால் ஹைட்ரஜன் நொறுங்கல் பிரச்சினை தனி, அதாவது முலாம் போடும்போது ஹைட்ரஜன் உள்ளே புகுந்து எஃகு விரிசல் விடுவது. முலாம் போட்டதும் சில மணி நேரத்துக்குள் சூட்டடுப்பில் ஏற்றி 190 டிகிரியில் 23 மணி நேரம் வைத்து எடுப்பது உங்களுக்கே பழக்கமாக இருக்கும், புது முலாமுக்கு அதையெல்லாம் மறுபடி நிரூபிக்க வேண்டும். இந்தச் சோதனைக்கெல்லாம் யார் பணம் கட்டுவது என்ற கேள்வியில்தான் எல்லாம் நிற்கிறது. உங்களுக்கு ஆர்டர் தருபவருக்கும் அந்த டிராயிங் சொந்தமில்லாமல் இருக்கலாம். அதற்கு மேலே இன்னொருவர், அவருக்கு மேலே விமானப்படையின் பொறியாளர்.

ஆனால் மேலே இருப்பவர் மாற்றச் சொன்னால் ஒட்டுமொத்தமாக மாறும். 1980களின் கடைசி வரை சர்க்யூட் போர்டுகளை சிஎஃப்சி-113 கரைப்பானால் கழுவச் சொன்னதே அமெரிக்க ராணுவத் தரவிதிகள்தான், அதைப் பார்த்து சிவில் எலக்ட்ரானிக்ஸ் கம்பெனிகளும் அப்படியே செய்தன. சிஎஃப்சி ஓசோன் படலத்தை அரிக்கிறது என்று 1987ல் மான்ட்ரியல் ஒப்பந்தம் வந்த பிறகு மாற்றுக் கரைப்பான்களைச் சோதித்து, அதே அளவுக்குச் சுத்தமாகிறது என்று காட்டி, விதியைத் திருத்தினார்கள். திருத்தியதும் ராணுவம் அல்லாத தொழிற்சாலைகளிலும் அந்தக் கரைப்பானுக்கு இருந்த பிடி போய்விட்டது. மஞ்சள் குரோமேட்டில் இருக்கும் நச்சு வகையான ஹெக்ஸாவேலன்ட் குரோமியத்திலும் பாதி தூரம் வந்திருக்கிறார்கள். 2009ல் அமெரிக்கப் பாதுகாப்புத் துறையான பென்டகன் அதைக் குறைக்கச் சொல்லிச் சுற்றறிக்கை விட்டது, 2011ல் மேலிட அனுமதி இல்லாமல் புது ஒப்பந்தங்களில் அதைக் குறிப்பிடக் கூடாது என்று கொள்முதல் விதியே வந்தது. அமெரிக்கக் கடற்படையின் விமானப் பிரிவு உருவாக்கிய, நச்சு குறைந்த டிரைவேலன்ட் குரோமியப் பூச்சு இன்று கடையிலேயே கிடைக்கிறது. பழைய டிராயிங்குகள்தான் அப்படியே கிடக்கின்றன, உங்களுடையது அந்த வகை என்று நினைக்கிறேன்.

---

முலாம்பட்டறை எழுதியது:

ஆமாம், டிராயிங் தேதியைப் பார்த்தேன், என் வயதைவிடப் பழையது. டார்க் விஷயம் எனக்குத் தோன்றவே இல்லை, நன்றி. அப்படியானால் உபயோகத்தில் இருக்கும்போது எரியும் எரிபொருள் பக்கம் யாரும் எதுவும் செய்யவில்லையா? சோளப்பொரி கதைதானா?

---

வண்டித்தொடர் எழுதியது:

செய்கிறார்கள், ஆனால் பூமியைக் காப்பாற்றுவதற்காக இல்லை. எரிபொருள் கொண்டுபோகும் வண்டித்தொடரில் ஆட்கள் செத்தார்கள், அதற்காக. அமெரிக்கத் தரைப்படையே 2009ல் வெளியிட்ட ஓர் ஆய்வில், ஆப்கானிஸ்தானில் சராசரியாக 24 எரிபொருள் வண்டித்தொடருக்கு ஒருவர் கொல்லப்பட்டார் அல்லது காயமடைந்தார் என்று கணக்கு வந்தது. அந்த எரிபொருளில் கணிசமான பங்கு எங்கே போனது என்று பார்த்தால் ஜெனரேட்டருக்கு, அதுவும் வெயிலில் நிற்கும் கூடாரத்துக்கு ஏசி ஓட்ட. கூடாரத்தின் மேல் நுரையைத் தெளித்து வெப்பத்தைத் தடுத்ததுமே தேவை மளமளவென்று குறைந்தது. 2010ல் ஹெல்மண்ட் மாகாணத்தின் சங்கினுக்குப் போன அமெரிக்க மரைன் படைப்பிரிவு ஒன்று சூரியத் தகடும் மடித்து எடுத்துப்போகும் சூரிய மின்விரிப்பும் கொண்டு போனது. வானொலிக்கு பேட்டரி சுமக்கும் எடை குறைந்தால் சிப்பாய் தானாகவே ஆதரிப்பான், அவனுக்குப் பருவநிலை வகுப்பெடுக்க வேண்டியதில்லை.

அலங்காரத்துக்குச் செய்தது நிற்கவில்லை என்பதற்கும் உதாரணம் இருக்கிறது. 2012ல் அமெரிக்கக் கடற்படை காலனுக்கு 26 டாலர் கொடுத்து உயிரி எரிபொருள் கலந்து கப்பல் ஓட்டிக் காட்டியது, நாடாளுமன்றத்தில் கிழித்துத் தொங்கவிட்டார்கள். 2016ல் மறுபடி 'பசுமைக் கப்பற்படை' என்று கிளம்பியபோது கலவையில் மாட்டுக்கொழுப்பு எரிபொருள் பத்து சதவீதம் மட்டும். இந்திய விமானப்படையும் 2019 குடியரசு தின அணிவகுப்பில் காட்டாமணக்கு எண்ணெயிலிருந்து எடுத்த எரிபொருளைப் பத்து சதவீதம் கலந்து ஏஎன்-32 சரக்கு விமானத்தைப் பறக்கவிட்டது. பிரிட்டன் 2022 நவம்பரில் வாயேஜர் என்ற பெரிய டேங்கர் விமானத்தை முழுக்க முழுக்க நிலைபேறு எரிபொருளிலேயே (கழிவு எண்ணெய் போன்றவற்றிலிருந்து எடுப்பது) பறக்கவிட்டது. எஞ்சின் ஏற்றுக்கொள்ளும் என்பது நிரூபணம் ஆகிவிட்டது, அவ்வளவு எரிபொருளுக்கு எங்கே போவது என்பதுதான் பதில் இல்லாமல் கிடக்கிறது. இதற்கு நடுவில் சத்தமே இல்லாமல் ஒரு வேலை நடக்கிறது பாருங்கள், சி-17 சரக்கு விமானத்தின் பின்பகுதியில் சின்னத் தகடுகளை ஒட்டிக் காற்றிழுவையை ஒரு சதவீதம் குறைப்பது. ஒரு சதவீதம்தானே என்று சிரிக்கலாம், ஆனால் அந்த விமானம் குடிக்கும் அளவுக்கு அதுவே பெரிய தொகை, ஆட்சி மாறினாலும் யாரும் கழற்றிப் போட மாட்டார்கள். அமெரிக்கத் தரைப்படை 2022ல் தனிப் பருவநிலைத் திட்டமே வெளியிட்டது, 2025ல் ஆட்சி மாறியதும் அந்தப் பேச்சையே எடுக்காதே என்று ஆகிவிட்டது.

---

கப்பல்சாவு எழுதியது:

எல்லோரும் தயாரிப்பு, உபயோகம் என்றே பேசுகிறீர்கள். ஓய்வு பெற்ற பிறகு என்ன ஆகிறது?

பிரான்ஸின் கிளெமென்சோ விமானந்தாங்கிக் கப்பலை ஆஸ்பெஸ்டாஸோடு குஜராத்தின் அலங் கப்பல் உடைப்புத் தளத்தில் உடைக்க அனுப்பினார்கள். எதிர்ப்பு கிளம்பியதும் 2006 பிப்ரவரியில் பாதி வழியில் அப்போதைய பிரெஞ்சு அதிபர் ஷிராக் திரும்ப அழைத்துக்கொண்டார், கடைசியில் இங்கிலாந்தில் ஹார்ட்டில்பூலில் உடைத்தார்கள். அதன் உடன்பிறந்த கப்பல் ஃபோஷ் பிரேசிலுக்கு விற்கப்பட்டு 'சாவ் பாவ்லோ' ஆனது. அதை உடைக்கத் துருக்கிக்கு இழுத்துப் போனார்கள், வழியிலேயே துருக்கி அனுமதியை ரத்து செய்தது, திரும்பி வந்தால் சொந்த நாட்டுத் துறைமுகமும் ஏற்கவில்லை, 2023 பிப்ரவரி 3ஆம் தேதி அட்லாண்டிக்கில் மூழ்கடித்துவிட்டார்கள். பதினேழு வருடத்தில் கற்றது அவ்வளவுதான்! ஜெர்மனியின் கடற்பகுதிகளில் உலகப்போர்க் காலத்து வெடிமருந்து சுமார் 16 லட்சம் டன் கிடக்கிறது, அதை எடுக்க இப்போதுதான் 10 கோடி யூரோ ஒதுக்கி 2024ல் லூபெக் விரிகுடாவில் சோதனையாகத் தொடங்கியிருக்கிறார்கள். போட்டவர்கள் யாரும் உயிரோடு இல்லை.

---

ஸ்பெக்புத்தகம் எழுதியது:

கப்பல்சாவு சொன்னதோடு ஒன்று சேர்க்கிறேன், மாற்றுப் பொருள் என்று அவசரப்பட்டால் என்ன ஆகும் என்பதற்காக. ஈயம் இல்லாத 'பசுமைத் தோட்டா' என்று டங்ஸ்டன்-நைலான் தோட்டாவைப் பயிற்சிக்குக் கொடுத்தார்கள். டங்ஸ்டன் கரையாது என்று நம்பினார்கள், மாசசூசெட்ஸில் கேம்ப் எட்வர்ட்ஸ் சுடுதளத்தில் அது நிலத்தடி நீரிலேயே தென்பட்டது, 2006ல் நிறுத்தினார்கள். பிறகு 2010ல் செம்பு உள்ளீடு வைத்த தோட்டா வந்தது. அது நிலைத்ததற்குக் காரணம், பழையதைவிட நன்றாகத் துளைக்கிறது என்பதும்தான். கேட்க ஒரு மாதிரியாக இருக்கிறது இல்லையா, இந்தத் துறை அப்படித்தான்.

முலாம்பட்டறை நண்பருக்கு, அந்தப் படிவத்தை வெறுமனே நிரப்பி அனுப்பிவிடாதீர்கள். அநேகமாக 'வேறு கருத்துகள்' என்று கடைசியில் ஒரு கட்டம் இருக்கும். அதில் எந்தெந்த பாக எண்களுக்கு கேட்மியமும் ஹெக்ஸாவேலன்ட் குரோமேட்டும் கேட்கிறார்கள், வருடத்துக்கு எவ்வளவு அபாயக் கழிவு அதனால் மட்டும் வருகிறது, மாற்று முலாமுக்கு மாதிரி போட்டுக் கொடுக்க நீங்கள் தயார் என்று எழுதுங்கள். வாங்கும் பிரிவில் இருப்பவர் படிக்க மாட்டார், ஆனால் அந்தப் படிவம் அவர்களுடைய சுற்றுச்சூழல் பிரிவுக்குப் போகும், அவர்களுக்கு டிராயிங் மாற்றக் கோரிக்கை எழுப்ப ஒரு தாள் வேண்டும். ஆரம்பத்திலேயே வலிமைமிக்க எஃகுப் போல்ட்டில் கை வைக்காதீர்கள், டார்க் பிரச்சினை இல்லாத பிராக்கெட்டில் தொடங்கச் சொல்லுங்கள்.

---

முலாம்பட்டறை எழுதியது:

கட்டம் இருக்கிறது, போன வருடம் 'இல்லை' என்று எழுதி அனுப்பியிருக்கிறோம். பிராக்கெட் பட்டியலைப் பிரித்துக்கொண்டிருக்கிறேன், அதில் ஏழெட்டு எண்கள் அலுமினியத்தோடு ஒட்டுபவை. அவற்றுக்கு ஜிங்க்-நிக்கல் சரி வருமா, இல்லை அலுமினியப் பூச்சுதான் கேட்பார்களா?