எனக்கு நானே ‘கண்ணு’

ஈரோடு தையல்காரி:

பதினாறு வருஷமாக ஜாக்கெட் தைக்கிறேன். போன ஆவணி முகூர்த்த நெருக்கடியில் ஒரு கல்யாணப் பெண்ணின் அம்மாவுக்குப் பட்டு ஜாக்கெட். ராத்திரி பத்தரை மணி. கை இரண்டையும் வெட்டி எடுத்து வைத்துப் பார்க்கிறேன், இரண்டுமே இடது கை. தைக்கிறவர்களுக்குப் புரியும்: கையின் முன்பக்க வளைவைப் பின்பக்கத்தைவிடக் கொஞ்சம் ஆழமாக வெட்டுவோம். துணியை மடித்துப் போடாமல் ஒவ்வொன்றாக வெட்டியதில், இரண்டாவதைத் திருப்பிப் போட மறந்துவிட்டேன். சாதாரணக் காட்டன் என்றால் உள்பக்கத்தை வெளியே திருப்பினால் முடிந்தது. பார்டர் வைத்த பட்டில் அது நடக்காது. சேலையோடு வந்த துணி, வேறு வாங்கவும் முடியாது.

“மூளை இருக்குதா உனக்கு? கத்தரி பிடிக்கிற கையா இது?” என்று வாய்விட்டே கத்தினேன். நெற்றியில் வேறு அடித்துக்கொண்டேன். பக்கத்தில் காஜா எடுத்துக்கொண்டிருந்த பெண், என்னிடம் வேலை பழகுகிறவள், நிமிர்ந்து பார்த்தாள். “அக்கா, போன மாசம் நான் இதே மாதிரி வெட்டினப்போ என்ன சொன்னீங்க, ஞாபகம் இருக்குதா?”

இருந்தது. “விடு கண்ணு, எனக்கும் ஆகியிருக்குது. கக்கத்துல ஒட்டுப் போட்டா வெளியே தெரியாது” என்று சொல்லியிருந்தேன். ஒரே தப்புதான். அவளுக்கு வழி சொன்னேன், எனக்குச் சாட்டையை எடுத்தேன். ஆச்சரியம் என்னவென்றால், ஒட்டுப் போடலாம் என்கிற யோசனையே அந்த நேரத்தில் எனக்கு வரவில்லை. புத்தி முழுக்கத் திட்டுவதிலேயே போய்விட்டது.

டீ போட்டுக் குடித்தோம். அப்புறம் ஆழமாகப் போன பக்கத்தில் ஒரு விரல் அகலத் துண்டை ஒட்டி, மறுபக்கத்தைக் குடைந்து வெட்டினேன். கையைத் தொங்கப்போட்டால் தெரியவே தெரியாது. ஆனாலும் அந்த அம்மாவிடம் விஷயத்தைச் சொல்லி, கூலியில் நூறு ரூபாய் குறைத்துக்கொண்டேன்.

அதிலிருந்து தப்பு நடந்தால் முதல் வேலையாகக் கத்தரியைக் கீழே வைத்துவிட்டு, “இரு கண்ணு” என்று எனக்கு நானே சொல்லிக்கொள்கிறேன். முதல் தடவை வெட்கம் பிடுங்கித் தின்றது. யாராவது பார்க்கிறார்களா என்று திரும்பிப் பார்த்தேன். உங்களுக்கெல்லாம் எப்படி?

நெல்லைக் காசாளர்:

சாயங்காலம் கல்லாவை எண்ணும்போது ஐநூறு குறைந்தால் கைக்காசைப் போட வேண்டும். அப்போது உள்ளே ஒரு குரல் கேட்கும்: “ஏ மூதி, எண்ணத் தெரியாதால?” அது என் குரல் இல்லை, எட்டாம் வகுப்புக் கணக்கு வாத்தியாருடையது. அவர் காலமாகிப் பத்து வருஷம் ஆகிறது. டூட்டிக்கு மட்டும் தவறாமல் வந்துவிடுகிறார்.

எங்கள் பக்கத்தில் ‘மூதி’ திட்டாகவும் இருக்கும், கொஞ்சலாகவும் இருக்கும். ஆச்சி சொன்னால் கொஞ்சல். அதனால் நான் வார்த்தையை மாற்றவில்லை, ஆளை மாற்றிவிட்டேன். இப்போது ஆச்சி சொல்கிறாள்: “ஏ மூதி, இன்னொரு தரம் எண்ணிப் பாரு.” ஐநூறு கிடைக்காத நாளும் உண்டு. ஆனால் வீட்டுக்குப் போய்ப் பிள்ளைகள் மேல் எரிந்து விழுவது குறைந்திருக்கிறது.

நாலாவது முறை தேறியவன்:

மன்னிக்கவும், எனக்கு இது ஒத்துவரவில்லை. குரூப் 4 தேர்வு மூன்று முறை போனது. செருப்பால் அடிக்காத குறையாக என்னை நானே திட்டித்தான் நாலாவது முறை தேறினேன். கண்ணு, செல்லம் என்று தடவிக்கொடுத்திருந்தால் இன்னமும் டீக்கடை பெஞ்சில்தான் உட்கார்ந்திருப்பேன்.

பள்ளி ஆலோசகர்:

தம்பி, உங்கள் சந்தேகத்தைச் சோதித்தே பார்த்திருக்கிறார்கள். கலிஃபோர்னியாவின் பெர்க்லி பல்கலைக்கழகத்தில் ஜூலியானா பிரைன்ஸ், செரினா சென் இருவரும் 2012-ல் வெளியிட்ட ஆய்வு. மாணவர்களுக்குக் கடினமான சொல்வளத் தேர்வு வைத்தார்கள். அதில் சறுக்கியவர்களில் ஒரு பகுதியினரிடம், இது பலருக்கும் நடப்பதுதான், உங்களையே நொந்துகொள்ள வேண்டாம் என்கிற மாதிரி சொன்னார்கள். இன்னொரு பகுதியினரிடம், நீங்கள் புத்திசாலிகள்தானே என்று புகழ்ந்தார்கள். அடுத்த தேர்வுக்கு அதிக நேரம் படித்தவர்கள் முதல் வகையினர்.

கிறிஸ்டின் நெஃப் என்ற உளவியலாளர், தன்மேல் தானே பரிவு காட்டும் இந்தக் குணத்தை அளக்க 2003-ல் ஒரு வினாத்தாளே வெளியிட்டார். அவர் கணக்கில் இது மூன்று சேர்ந்தது: தன்னிடம் கனிவு, எனக்கு மட்டுமில்லை என்ற நினைப்பு, வலியை ஊதிப் பெரிதாக்காமலும் மூடி மறைக்காமலும் பார்ப்பது. தையல்கார அக்கா சொன்ன “எனக்கும் ஆகியிருக்குது” இருக்கிறதே, அது இரண்டாவது. பலரும் விட்டுவிடுவதும் அதைத்தான்.

நாலாவது முறை தேறியவன்:

சரி. மூன்றாவது முறைக்கும் நாலாவது முறைக்கும் நடுவில் ஐந்து மாசம் புத்தகத்தையே தொடவில்லை என்பதையும் சொல்லிவிடுகிறேன். திறந்தாலே திட்டு ஆரம்பித்துவிடும்.

ஓய்வுபெற்ற தமிழாசிரியர்:

அந்த ‘மூதி’யைப் படித்ததும் ‘நெஞ்சொடு கிளத்தல்’ அதிகாரம் ஞாபகம் வந்தது. 1242-ஆம் குறள்:

காதல் அவரிலர் ஆகநீ நோவது
பேதைமை வாழியென் நெஞ்சு.

காதலருக்கு அன்பில்லாதபோது நீ கிடந்து வருந்துவது மடத்தனம் என்று தலைவி தன் நெஞ்சையே இடித்துச் சொல்கிறாள். அதே மூச்சில் ‘வாழி’ என்றும் சொல்லிவிடுகிறாள். அதைக் கேலியாகவும் படிக்கலாம். எனக்கு வாழ்த்தாகவே கேட்கிறது. இன்பத்துப்பாலை வகுப்பில் எங்கே நடத்துகிறோம்? நானும் முப்பது வருஷம் அவசரமாகத் தாண்டி வந்தவன்தான்.

ஒரு மகள்:

அப்பா நெஞ்சு கரிக்கிறது என்று சொன்னபோது, வாயுத்தொல்லைதான் என்று ஓமத்தண்ணீர் கொடுத்தவள் நான். விடிவதற்குள் போய்விட்டார். அந்தப் பித்தளை டம்ளரை மூன்று வருஷமாக அலமாரியில் பின்னால் தள்ளி வைத்திருக்கிறேன். நேற்று ராத்திரி நானும் “இரு கண்ணு” என்று சொல்லிப் பார்த்தேன். ஆறுதல் வரவில்லை. அழுகைதான் வந்தது, நிற்கவே இல்லை. எனக்கு இது சரிப்படாதோ?

பள்ளி ஆலோசகர்:

அப்படி வருவது உண்டு அம்மா. நெஃபுடன் சேர்ந்து பயிற்சி உருவாக்கிய கிறிஸ்டோபர் ஜெர்மர் இதற்குத் தீயணைப்பு வீரர்களின் ‘பேக்டிராஃப்ட்’ என்ற சொல்லைப் பயன்படுத்துகிறார். மூடிய அறைக்குள் தீ காற்றில்லாமல் புகைந்துகொண்டிருக்கும். கதவைத் திறந்ததும் குப்பென்று எழும். பழைய வலியும் கனிவு பட்டால் அப்படி எழுவதுண்டு. அதனால் கதவைக் கொஞ்சம் கொஞ்சமாகத் திறங்கள். வார்த்தை வேண்டாம் என்று தோன்றினால் விட்டுவிடுங்கள். எழுந்து நின்று, பாதம் தரையில் பதிவதை மட்டும் சற்று நேரம் கவனியுங்கள். தாங்க முடியாத ராத்திரியாக இருந்தால் 14416-க்கு அழையுங்கள். டெலி மானஸ் என்கிற அரசு மனநல உதவி எண் அது, கட்டணம் கிடையாது, எந்நேரமும் எடுப்பார்கள், தமிழில் பேசலாம்.

ஈரோடு தையல்காரி:

கண்ணு, அந்த இடத்தில் எங்கள் அம்மா இருந்திருந்தாலும் ஓமத்தண்ணிதான் கொடுத்திருக்கும். நானும் அதைத்தான் கொடுத்திருப்பேன்.

ஒரு மகள்:

இதைப் படித்துவிட்டு ரொம்ப நேரம் உட்கார்ந்திருந்தேன் அக்கா. அப்புறம், “அந்த ராத்திரி உனக்குத் தெரிஞ்சது அவ்வளவுதான்” என்று எனக்குச் சொல்ல ஆரம்பித்தேன். ‘தெரிஞ்சது’ வரைக்கும் வந்தது. மீதி வரவில்லை. எழுந்து போய் டம்ளரை எடுத்தேன், நன்றாகக் கறுத்திருந்தது. புளி போட்டுத் தேய்த்து வைத்திருக்கிறேன். இன்னும் எதையும் ஊற்றவில்லை.