சமரச ஒப்பந்தம்: பணம் முதலிலா, வழக்கு ரத்து முதலிலா?

வணக்கம். என் தங்கையின் வழக்கு குடும்ப நீதிமன்றத்திலிருந்து சமரச மையத்துக்குப் போய், ஒருவழியாகப் பேசி முடித்திருக்கிறோம். இந்து திருமணச் சட்டம் 13பி, பரஸ்பர சம்மத விவாகரத்து. ஆறு மாதக் காத்திருப்பைத் தள்ளுபடி செய்ய, 2017-ஆம் ஆண்டு உச்ச நீதிமன்றத் தீர்ப்பைக் காட்டி மனுப் போடலாம் என்கிறார் வக்கீல்.

சிக்கல் 498ஏ வழக்கில்தான் (மனைவியைக் கணவரோ அவர் வீட்டாரோ கொடுமைப்படுத்தியதற்கான குற்ற வழக்கு). அதை உயர் நீதிமன்றம் ரத்து செய்தபிறகே ஜீவனாம்சத்தின் இரண்டாம் தவணை என்று மாப்பிள்ளை வீட்டார் அடம்பிடிக்கிறார்கள். வேலை முடிந்ததும் கைவிரித்துவிட்டால்? தொகையை முன்கூட்டியே டிடியாக நீதிமன்றத்தில் செலுத்தவேண்டும் என்று ஒப்பந்தத்தில் எழுதிக்கொண்டவர்கள் இருக்கிறீர்களா? வாசகம் எப்படி அமைந்தது?

நகைப் பட்டியலில் 'ஆரம் ஒன்று, வளையல் நான்கு' என்றிருக்கிறதே தவிர, எடை இல்லை. பவுன் கணக்கைச் சேர்க்காமல் கையெழுத்துப் போடக் கூடாதுதானே?

"பொறுத்துப் போகச் சொல்லுங்கள்" என்ற அறிவுரை மட்டும் வேண்டாம். அவள் வேண்டிய அளவு பொறுத்தாயிற்று.