தோப்பு வீட்டுக் குழு: 1,140 தேங்காய்

அத்தை, காலை 6:48
தம்பி, நேற்று இரவு பெரியண்ணனை ஸ்டேஷனுக்குக் கூப்பிட்டிருக்கிறார்கள். திருட்டுப் புகாராம். கொடுத்தது நீதானா?

சித்தப்பா, 6:55
ஆமாம் அக்கா, மறைக்க என்ன இருக்கிறது? புகார் கொடுத்ததற்கு சி.எஸ்.ஆர். ரசீதும் வாங்கிவிட்டேன். பொதுத் தோப்பில் 1,140 காய் பறித்து வண்டி ஏற்றினார். யாரைக் கேட்டார்?

பெரியப்பா, 6:57
என் தோப்பில் நானே திருடினேனா?

சித்தப்பா, 6:57
பார்த்தீர்களா, "என் தோப்பு"!

அக்கா (வக்கீல்), 7:20
சித்தப்பா, கோபித்துக்கொள்ளாமல் படியுங்கள். தோப்பு எங்கள் அப்பாரு, அதாவது உங்கள் அப்பா, சொந்தமாகச் சம்பாதித்தது. உயில் எழுதாமல் போய்விட்டார். இன்னும் பாகம் பிரியவில்லை. பிரியாத தோப்பில் இந்த மரம் உனது, அந்த மரம் எனது என்று எதுவும் கிடையாது. எல்லா மரத்திலும் எல்லோருக்கும் உரிமை இருக்கிறது. தனக்கு உரிமை உண்டு என்று நம்பிக் காய் பறித்தவர் மேல் திருட்டுக் கேஸ் நிற்பது கஷ்டம். விற்ற பணத்தில் பங்கு தரவில்லை என்றால் அது கணக்குத் தகராறு. சிவில் கோர்ட்டுக்குத்தான் போக வேண்டும்.

சித்தப்பா, 7:24
வாய்தா வாங்கியே என் தலை நரைத்துவிடும். ஸ்டேஷனில் இரண்டு நாள் உட்கார வைத்தால் கணக்கு தானாக வரும் என்று ஊரில் எல்லோரும் சொல்கிறார்கள்.

அக்கா, 7:31
ஊரார் சொல்லும் இந்த யோசனையை உச்ச நீதிமன்றம் 2006லேயே கண்டித்துவிட்டது. சிவில் வழக்கு இழுக்கும் என்று கிரிமினல் புகாரால் நெருக்குவது கூடாது என்றார்கள். குடும்பத் தகராறில் எப்.ஐ.ஆர். போடுவதற்கு முன் முதற்கட்ட விசாரணை நடத்தலாம் என்று 2013இல் லலிதா குமாரி வழக்கில் தீர்ப்பு வந்தது. எப்.ஐ.ஆர். போட்டாலும் பெரியப்பா ஐகோர்ட்டில் புதிய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 528ஆவது பிரிவில் (பழைய சட்டத்தில் 482) ரத்து கேட்பார். அதற்கும் நீங்கள் வக்கீல் வைக்க வேண்டும். தோப்போ ஓர் அடி கூடப் பிரிந்திருக்காது.

அப்பா, 7:40
கூலிக்கு வந்த இரண்டு பேரையும் புகாரில் சேர்த்தது எதற்கு? மரம் ஏறுகிறவர் இரவு பத்து மணிக்கு என் வாசலில் வந்து நின்றார். அரிவாளைச் சாக்கில் சுற்றி எடுத்து வந்திருந்தார். "ஐயா, இதையும் ஸ்டேஷனில் ஒப்படைக்க வேண்டுமா?" என்று கேட்டார்.

சித்தப்பா, 7:52
அவர்கள் பெயரை நான் சொல்லவில்லை. மனு எழுதிக் கொடுத்தவர் சேர்த்துவிட்டார்.

அத்தை, 7:52
கையெழுத்து உன்னுடையதுதானே?

பெரியப்பா, 7:55
நான் மட்டும் சும்மா இருப்பேனா? மோட்டார் அறைப் பூட்டை உடைத்தான். நானும் அத்துமீறல் புகார் கொடுக்கிறேன்.

அக்கா, 7:59
பெரியப்பா, நீங்களும் அதையே செய்யாதீர்கள். பட்டாவை உங்கள் பெயருக்கு மட்டும் மாற்றிக்கொண்டால் தோப்பு உங்களுடையது ஆகிவிடாது. அது வருவாய்த்துறைப் பதிவு, அவ்வளவுதான். மூன்று வருடக் காய்க் கணக்கை நீங்கள் யாரிடமும் காட்டவில்லை. பாகப்பிரிவினை வழக்கு வந்தால் அதையும் கேட்பார்கள்.

சித்தப்பா, 8:03
அப்படியானால் போலீஸ் பக்கமே போகக்கூடாதா?

அக்கா, 8:06
அத்தை கையெழுத்தைப் போலியாகப் போட்டு யாராவது பங்கை விட்டுக்கொடுக்கும் விடுதலைப் பத்திரம் பதிவு செய்திருந்தால் நானே புகார் எழுதித் தருவேன். இங்கே அப்படி என்ன நடந்தது? மாவட்ட சட்டப் பணிகள் ஆணைக்குழுவில் மனு கொடுங்கள். எல்லோரையும் கூப்பிட்டுப் பேசுவார்கள். ஒத்துப்போனால் லோக் அதாலத்தில் முடித்துவிடலாம். அது கோர்ட் தீர்ப்புக்குச் சமம்.

பெரியப்பா, 8:15
சரி. வருடக் கணக்கை எடுத்து நாலு பங்காக எழுதி வைக்கிறேன்.

அக்கா, 8:16
நாலு இல்லை பெரியப்பா, ஐந்து. ஆத்தாவுக்கும் உங்கள் ஒவ்வொருவருக்கும் உள்ள அதே அளவு பங்கு உண்டு.

அத்தை, 8:29
அம்மா பக்கத்தில்தான் இருக்கிறாள், படித்துக் காட்டினேன். "சட்னிக்கு இரண்டு காய் கேட்டால் பெரியவன் சின்னவனைக் கேள் என்கிறான், சின்னவன் பெரியவனைக் கேள் என்கிறான். இனி நானே ஆள் விட்டுப் பறித்துக்கொள்ளலாமா, இல்லை என் மேலும் கேஸ் போடுவார்களா?" என்று கேட்கிறாள்.

சித்தப்பா, 8:41
நாளைக் காலையில் ஸ்டேஷனுக்குப் போய்ப் புகாரைத் திரும்பப் பெறுகிறேன். மரம் ஏறுகிறவர் நம்பரை யாராவது அனுப்புங்கள்.