ஒய்38 போட்டது தப்பா? குண்டுவெடிப்பில் காயம்பட்ட பெண்மணியின் சார்ட்

தேன்மொழி:

வணக்கம். அமெரிக்க மருத்துவமனைகளின் அவசரப் பிரிவு சார்ட்டுகளுக்கு (நோயாளியின் சிகிச்சைப் பதிவுகள்) ஏழு மாதமாக மெடிக்கல் கோடிங் செய்கிறேன். அதாவது அதில் உள்ள காயம், நோய், காரணம் ஒவ்வொன்றுக்கும் ஐசிடி பட்டியலில் உள்ள கோடு போடும் வேலை. போன வாரம் வந்த ஒரு சார்ட் இன்னும் மனதைவிட்டுப் போகவில்லை. ஆளை அடையாளம் தெரியாதபடி விவரங்களை மாற்றித்தான் எழுதுகிறேன்.

நடைபாதையில் போய்க்கொண்டிருந்த ஒரு பெண்மணி. பக்கத்தில் குண்டு வெடித்து இடது செவிப்பறை கிழிந்துவிட்டது. இடது தொடையில் வெட்டுக்காயம், உள்ளே கண்ணாடித் துண்டு. நர்ஸ் நோட்டில், கேள்விகளைக் காகிதத்தில் எழுதிக் காட்டியதாகவும் அவர் தலையை மட்டும் ஆட்டியதாகவும் ஒரு வரி இருந்தது. அந்த வரியை நாலு தடவை படித்தேன்.

டாக்டர் கடைசியில் "பயங்கரவாதத் தாக்குதல் என்று சந்தேகம்" என்று எழுதியிருந்தார். நான் செவிப்பறைக்கு எஸ்09.22எக்ஸ்ஏ, தொடைக்காயத்துக்கு எஸ்71.122ஏ, அப்புறம் பயங்கரவாதக் குண்டுவெடிப்பு என்று ஒய்38.2எக்ஸ்2ஏ, நடைபாதை என்ற இடத்துக்கு ஒய்92.480 போட்டேன். நாங்கள் போட்ட கோடுகளைச் சரிபார்க்கும் ஆடிட்டில் ஒய்38-ஐ எடுத்துவிட்டு எக்ஸ்96 போடச் சொல்லிவிட்டார்கள். அது சாதாரண தாக்குதலுக்கான வரிசை. தெருவில் நடந்து போனவரை யார் குறிவைத்துத் தாக்கினார்கள்? ஒய்38 கோடில் ஆறாவது இடத்தில் 2 என்றால் பொதுமக்களில் ஒருவர் என்று அர்த்தம். அந்த 2 இவரைப் போன்றவர்களுக்காகத்தானே இருக்கிறது?

ரஹீம்:

ஆடிட் சொன்னது சரி சிஸ்டர். கைட்லைனில் நேராகவே இருக்கிறது. பயங்கரவாதம் என்று எஃப்.பி.ஐ உறுதிசெய்தால் மட்டுமே ஒய்38. சந்தேகம் என்றால் தாக்குதல் வரிசைதான். என்ன குண்டு என்று தெரியாவிட்டால் எக்ஸ்96.9எக்ஸ்எக்ஸ்ஏ.

வசந்தி:

தேன்மொழி, ரஹீம் சொன்ன விதி சரிதான். ஆனால் நீ கேட்டதற்கு அது மட்டும் போதாது, அதனால் கொஞ்சம் நீளமாகவே எழுதுகிறேன் மா.

முதலில், யாரும் கவனிக்காத ஒன்று. செவிப்பறைக்கு நீ போட்ட எஸ்09.22 இங்கே வராது. அந்தக் கோடுக்குக் கீழேயே விலக்குக் குறிப்பு இருக்கிறது, வெடிப்பின் அதிர்வால் கிழிந்திருந்தால் எஸ்09.31 வரிசைக்குப் போ என்று. இடது காது என்றால் எஸ்09.312ஏ. ஆடிட்டரும் இதை விட்டுவிட்டார். ஒய்38-க்காக நீ வருத்தப்படுவது புரிகிறது, ஆனால் அந்த அம்மாவுக்கு என்ன ஆனது என்பதைச் சொல்வது இந்த வரிதான். ஒய்38, எக்ஸ்96 மாதிரி காயம் எப்படி வந்தது என்று சொல்லும் வெளிக்காரணக் கோடு எதுவானாலும் முதல் இடத்துக்கு வராது. காயம்தான் முன்னால் நிற்கும்.

இப்போது உன் கேள்வி. 2001 செப்டம்பர் 11 நடக்கும்வரை இதற்கென்று தனி வரிசையே கிடையாது. அதற்குப் பிறகுதான் அமெரிக்க நோய்த் தடுப்பு மையமான சிடிசி ஏற்பாடு செய்து, 2002 அக்டோபரில் பழைய பதிப்பான ஐசிடி-9-இல் ஈ979 வந்தது. நான் வேலைக்குச் சேர்ந்தபோது அதுதான். 2015 அக்டோபர் 1 முதல் ஐசிடி-10-இல் ஒய்38.

அது வந்த இரண்டே மாதத்தில், டிசம்பர் 2 அன்று, கலிஃபோர்னியாவில் சான் பெர்னார்டினோ துப்பாக்கிச் சூடு. 14 பேர் இறந்தார்கள், 22 பேர் காயம்பட்டார்கள். பயங்கரவாதச் செயலாக விசாரிக்கிறோம் என்று எஃப்.பி.ஐ சொன்னது டிசம்பர் 4 அன்று. நடுவில் அந்த இரண்டு நாளை நினைத்துப் பார். அவசரப் பிரிவுக்கு வந்தவர்கள் முதல் நாளே வந்துவிட்டார்கள். டி.வி.யில் ஆளுக்கொரு காரணம் சொல்லியிருப்பார்கள். அதைக் கேட்டு நாம் கோடு போட்டிருந்தால் ஒவ்வொருவரும் ஒவ்வொரு விதமாகப் போட்டிருப்போம். பின்னால் எண்ணிப் பார்க்கிறவருக்குக் கிடைப்பது தப்புக் கணக்கு. 'உறுதிசெய்த பிறகு' என்ற விதியை நான் மதிப்பது இதனால்தான்.

எக்ஸ்96 என்றால் சண்டைக்குப் போனவர் என்று அர்த்தமில்லை. இன்னொருவர் வேண்டுமென்றே செய்தது, இவர் மேல் வந்து விழுந்தது, அவ்வளவுதான் அது சொல்கிறது. அது உண்மைதானே?

பிறகு உறுதியாகி, ஃபாலோ-அப் சார்ட்டில் அது பதிவாகியிருந்தால், அப்போது ஒய்38.2எக்ஸ்2டி போடு (கடைசி ஏ முதல் விசிட்டுக்கு, டி தொடர் விசிட்டுக்கு). வெளிக்காரணங்களில் ஒய்38 முதலில் வரும், குழந்தை அல்லது பெரியவர்களைக் கொடுமைப்படுத்திய கேஸ் மட்டும் அதற்கு முன்னால். நடைபாதைக்கான ஒய்92 முதல் விசிட்டோடு சரி, மறுபடி வேண்டாம்.

உறுதியான சம்பவத்துக்குப் பிறகு வேறொரு காயம் ஏற்பட்டாலும் இடம் இருக்கிறது. மூன்று நாள் கழித்துத் தன் கடையைச் சுத்தம்செய்யப் போனவர் மேல், விரிசல்விட்ட கூரை விழுகிறது என்று வை. அது ஒய்38.9எக்ஸ்2ஏ. தாக்குதலின்போதே பட்ட காயத்துக்கு அதைப் போடாதே.

இன்னொன்று. அந்த அம்மா தலையை மட்டும் ஆட்டினார் என்று எழுதியிருக்கிறாயே, அது காதால் மட்டும்தானா? டாக்டர் அக்யூட் ஸ்ட்ரெஸ் ரியாக்‌ஷன் என்று எங்காவது எழுதியிருக்கிறாரா பார். எழுதியிருந்தால் அந்த மன அதிர்ச்சிப் பாதிப்புக்கான எஃப்43.0 விட்டுப்போகக் கூடாது. எழுதவில்லை என்றால் நீயாகச் சேர்க்காதே.

தேன்மொழி:

அக்கா, சார்ட்டைத் திறந்து பார்த்தேன். இரண்டாம் பக்கம், டிஸ்சார்ஜ் பகுதியில், மருந்துப் பட்டியலுக்கு அடியில் எழுதியிருக்கிறார். அக்யூட் ஸ்ட்ரெஸ் ரியாக்‌ஷன், மனநல ஆலோசனைக்கு அனுப்பவும் என்று. நான் பார்க்கவே இல்லை.

எஸ்09.312ஏ, எஸ்71.122ஏ, எஃப்43.0, எக்ஸ்96.9எக்ஸ்எக்ஸ்ஏ, ஒய்92.480 என்று திருத்தி அனுப்பிவிட்டேன். ஆடிட்டருக்கும் செவிப்பறை விஷயத்தை எழுதியிருக்கிறேன்.