பொருள்: “மாட்” – இதற்கு என்ன சொல்? (வெள்ளிக்குள் தேவை)

அனைவருக்கும் வணக்கம்.
சோனியின் கையடக்க விளையாட்டுக் கருவியான பிஎஸ்பியின் சண்டை விளையாட்டுகளில் ரசிகர்கள் செய்யும் மாற்றங்களான ‘மாட்’களின் நிறுவல் குறிப்பைத் தமிழாக்க வேண்டும். 2010இல் பிஎஸ்பிக்கு வந்த டிராகன் பால் விளையாட்டான டென்காய்ச்சி டேக் டீமின் கோப்புகளில் கைவைத்து, 2007இல் பிளேஸ்டேஷன் 2க்கு வந்த புடோகாய் டென்காய்ச்சி 3இன் வீரர்களையும் திரைகளையும் ஏற்றுவது இந்த வகை. ஒலிபெயர்த்தே விட்டால் இரண்டாம் வேற்றுமையில் “மாட்டை நிறுவவும்” என்று வந்து நிற்கிறது.

மறுமொழி:
‘பதியம்’ எனலாம். ஒரு மண்ணின் கிளை இன்னொரு மண்ணில் வேர்விடுகிறது.

மறுமொழி:
ஐயா, இங்கே வேர் பெயரவே இல்லை. பிளேஸ்டேஷன் 2இன் நிரல் ஒரு வரிகூட இதில் ஓடுவதில்லை. அடி முழுக்க டேக் டீம்தான், மேலேதான் வேறு உரு. ஆகவே ‘ஒட்டு’. மாவில் நெருக்கு ஒட்டுக் கட்டும்போது வேர்ச்செடியும் தாய்மரக் கிளையும் ஒரே பருமனாக இருக்க வேண்டும். சீவிய இடங்கள் பொருந்தாவிட்டால் பட்டுப்போகும். இங்கும் அப்படியே. பிஎஸ்பியின் வரைகலைச் சில்லு 512×512 புள்ளிக்கு மேற்பட்ட டெக்ஸ்ச்சரை (உருவின் மேல் போர்த்தும் படத்தை) ஏற்காது. பழைய படம் 256 வண்ண அட்டவணையில் இருந்தால் புதியதும் அப்படியே இருக்க வேண்டும். இல்லையேல் வீரரின் முகத்தில் வண்ணப் புள்ளிகள் சிதறும்.

மறுமொழி:
உவமை அருமை, அம்மா. ஆனால் மென்பொருள் தமிழாக்கத்தில் ‘ஒட்டு’ ஏற்கெனவே ‘பேட்ச்’சுக்கு (மாற்றங்களை மட்டும் கொண்ட சிறு கோப்புக்கு) போய்விட்டது. இதே குறிப்பில் எக்ஸ்டெல்டா என்ற கருவியின் ஒட்டும் வருகிறது: மூல ஐஎஸ்ஓ (விளையாட்டு வட்டின் முழுப் படிமக் கோப்பு) ஒரு பைட் மாறியிருந்தாலும் சரிபார்ப்பில் நின்றுவிடக்கூடும். ஒரே பத்தியில் இரண்டு ஒட்டு ஆகாது.
இலக்கணத்திலேயே சொல் இருக்கிறது. விகாரம் மூன்று: தோன்றல், திரிதல், கெடுதல். கோப்பைச் சேர்ப்பதும் நீக்குவதும் ஆபத்து. சில விளையாட்டுகள் கோப்பைப் பெயரால் தேடாமல் வட்டில் அது இருக்கும் இட எண்ணால் தேடும். ஒரு கோப்பு பெருத்து அடுத்தது நகர்ந்தால் கருந்திரைதான். அதே அளவில் மாற்றி வைப்பதே பாதுகாப்பு. அது திரிதல். ஆகவே ‘திரிபு’.

மறுமொழி:
“திரிபைத் திறக்கவும்” என்று படிக்கும் பன்னிரண்டு வயதுப் பிள்ளை, கோப்பு கெட்டுவிட்டதென்று அழித்துவிடும். ‘வரலாற்றுத் திரிபு’ என்று நாளேடுகள் எழுதி எழுதிச் சொல் கறைபட்டுப் போயிற்று. ‘மாற்றுப்பதிப்பு’ போதும்.

மறுமொழி:
முழு ஐஎஸ்ஓவுக்கு அது பொருந்தும். டெக்ஸ்ச்சர் கோப்புறையை மட்டும் தருகிறார்களே, அது எப்படிப் பதிப்பாகும்? பிஎஸ்பி விளையாட்டைக் கைப்பேசியில் ஓட்டும் செயலியான பிபிஎஸ்எஸ்பிபியில் ‘பிஎஸ்பி/டெக்ஸ்ச்சர்ஸ்’ உள்ளே, விளையாட்டின் அடையாள எண் பெயரில் வைத்து, டெக்ஸ்ச்சர் மாற்றும் அமைப்பை இயக்க வேண்டும். கைப்பேசியின் சில்லு வரைவதால் 512 வரம்பும் இல்லை. அசல் பிஎஸ்பியில் இந்தக் கோப்புறையால் பயனே இல்லை. இரண்டையும் ஒரே சொல்லால் அழைத்தால் பயனர் ஏமாறுவார்.

மறுமொழி:
நன்றி. நாளை அனுப்பியாக வேண்டும். ஐஎஸ்ஓவுக்கு ‘மாற்றுப்பதிப்பு’, கோப்புறைக்கு ‘உருத்தொகுப்பு’ என்று இடுகிறேன். பெரும்பாலோர் மறுக்கவில்லை. சேமிப்புக் கோப்பின் அடையாள எண் ஐஎஸ்ஓவின் எண்ணோடு பொருந்தாவிட்டால் புதிய வீரர்கள் பூட்டியே கிடப்பார்கள் என்பதையும் சேர்த்துவிட்டேன்.

மறுமொழி:
இட்டுக்கொள்ளுங்கள். ஆனால் ‘மாற்றுப்பதிப்பு’ என்றால் அச்சில் வந்த இன்னொரு பதிப்பு. செயலைக் காட்டும் சொல் ‘திரிபு’தான். அடைப்புக்குறியிலாவது ஒருமுறை வரட்டும்.