மறுமொழி: வெள்ளி கறுப்பதற்கு ஒரு சொல்

> 'வெள்ளித்துரு' என்றே வைத்துவிடலாமே. எல்லோருக்கும் புரியும்.

புரியும் ஐயா, ஆனால் தவறாகப் புரியும். துரு இரும்புக்கு உரியது; ஆக்சிஜனும் ஈரமும் சேர்ந்து உண்டாக்குவது; உதிர்ந்து உதிர்ந்து உள்ளிருக்கும் இரும்பையும் தின்றுகொண்டே போகும். வெள்ளியைக் கறுக்க வைப்பது கந்தகம். காற்றில் ஹைட்ரஜன் சல்பைடு மிகச் சிறிதளவு இருந்தாலே போதும், மேற்பரப்பு வெள்ளி சல்பைடாக மாறிவிடும்.

'கரும்படலம்' என்று நேற்று நானே எழுதியிருந்தேன். அதைத் திரும்பப் பெற்றுக்கொள்கிறேன். வெள்ளி முதலில் மஞ்சளாகும், பிறகு பழுப்பு, நீலம், கடைசியில்தான் கருமை. மஞ்சளிலேயே கவனித்தால் துடைத்தெடுப்பது எளிது. அந்த நிலையைச் சுட்டாத சொல் நமக்கு எதற்கு?

'கறை', 'அழுக்கு' இரண்டையும் கடுமையாக எதிர்க்கிறேன். அவை வெளியிலிருந்து வந்து ஒட்டியவை. இதுவோ வெள்ளியே உருமாறிய நிலை. அழுக்கென்று நம்புகிறவர் பற்பசையும் சாம்பலும் போட்டுத் தேய்க்கிறார்; ஒவ்வொரு தேய்ப்பிலும் வெள்ளி குறைகிறது, செதுக்கு வேலை மழுங்குகிறது.

என் பரிந்துரை: மங்கு. இரும்பில் துருவேறும், செம்பில் களிம்பேறும், வெள்ளியில் மங்கேறும். முகத்தில் வரும் மங்குக்கு அந்தச் சொல் ஏற்கெனவே வழங்குகிறதே என்பீர்கள். அந்த வழக்குதான் எனக்குத் துணை. அதுவும் மேலே ஒட்டியதன்று, தோலே நிறம் மாறியது, தேய்த்தால் போகாது. பீங்கான் பாத்திரத்தையும் மங்கு என்பதுண்டு, அது இடம் நோக்கிப் புரிந்துவிடும். இரண்டாம் வேற்றுமையில் மட்டும் 'மங்கை' என்றாகிக் குழப்பும். 'மங்கினை' என்று எழுதிக்கொள்வோம்.

இன்னொன்று. அலுமினியத் தாள் விரித்த பாத்திரத்தில் வெந்நீரும் சமையல் சோடாவும் இட்டு, வெள்ளியை அந்தத் தாளில் படும்படி வைத்தால் கந்தகம் பிரிந்துபோகிறது. அழுகிய முட்டை வாடை எழுவது அதனால்தான். வெள்ளியோ பொருளிலேயே தங்கிவிடுகிறது. இதையும் தேய்ப்பதையும் 'மங்கு நீக்கம்' என்று ஒன்றாகக் கட்டக் கூடாது. தேய்ப்பதற்கு 'மெருகிடல்' இருக்கிறது. இதற்கு 'வெள்ளி மீட்பு' பொருந்தும். நகையின் பள்ளங்களில் அழகுக்காகவே ஏற்றிய மங்கும் இதில் போய்விடும் என்பதைச் சொல்விளக்கத்தில் சேர்க்க வேண்டும்.

ஒரு ஐயம் மிச்சமிருக்கிறது. 92.5 விழுக்காடு வெள்ளியில் மீதி பெரும்பாலும் செம்புதான். அதுவும் சேர்ந்தே கறுக்கிறது. அந்தப் பங்கையும் மங்கு என்பதா, களிம்பு என்பதா? உலோகவியல் அறிந்தவர்கள் சொல்லுங்கள்.