உதவியாளர் என்றால் உதவியாளர்தானா?

சுருள்மணி: நம் சினிமா மன்றத்தில் நண்பர் 'கடைசிவரிசை' நேற்று எழுதியதைப் படித்துவிட்டு எனக்குத் தூக்கமே போய்விட்டது. 1929இல் வந்த சோவியத் ஆவணப்படம் 'மூவி கேமராவுடன் மனிதன்' முழுக்க இயக்குநர் ஜிகா வெர்டோவின் மூளையாம். அவர் மனைவி எலிசவேத்தா ஸ்விலோவா அதில் வெறுமனே ஃபிலிம் ஒட்டிய பெண்ணாம்! படத்தைப் பார்த்தீர்களா ஐயா? ஓடுகிற குதிரை சட்டென்று உறைந்து நிற்கும். அப்புறம் ஒரு குழந்தையின் முகம், வெறும் ஃபிலிம் துண்டாக. அதைக் கையில் வைத்துப் பார்த்து, வெட்டி ஒட்டுவது ஸ்விலோவா. அதற்குப் பிறகுதான் அந்த முகம் அசைகிறது. எடிட்டர் என்ன செய்வார் என்று வெர்டோவே படத்துக்குள் காட்டிவிட்டார்.

கடைசிவரிசை: படத்தின் டைட்டிலில் ஸ்விலோவா 'எடிட்டிங் உதவியாளர்'. உ-த-வி-யா-ள-ர். படம் எடுத்தவர்களே போட்டது, நான் போட்டதல்ல.

மோர்க்குழம்பு: முதலில் ஆவணப்படத்தில் எடிட்டர் என்றால் யார் என்று பேசிவிடலாமே?

சுருள்மணி: டைட்டிலை நம்பி வரலாறு எழுதுகிறவர் நீங்கள் ஒருவர்தான். பதின்வயதிலேயே ஃபிலிம் லேபில் படச்சுருளோடு வாழ்ந்தவர் ஸ்விலோவா. வெர்டோவ், கேமரா பிடித்த அவர் தம்பி காஃப்மன், ஸ்விலோவா, இந்த மூவர்தான் வெர்டோவ் குழுவின் மையமே. நாஜிகளின் ஆஷ்விட்ஸ் வதைமுகாமில் எடுத்த காட்சிகளை 1945இல் படமாகத் தொகுத்தவரும் ஸ்விலோவாதான். அதற்கும் உதவியாளரா?

கடைசிவரிசை: 1945 வேறு, 1929 வேறு. 1929இல் உதவியாளர். மனைவி என்பதால் படத்திலும் முகம் காட்டினார்.

சுருள்மணி: காஃப்மன் தம்பி என்பதால்தான் கேமரா பிடித்தார் என்று யாராவது சொல்கிறார்களா? மனைவி என்றதும் மட்டும் வாய் வந்துவிடுகிறது.

வெள்ளித்திரைவாசி: அது 'ஜிகா' அல்ல, 'த்ஸிகா'. முப்பது வருடமாகச் சொல்கிறேன்.

கடைசிவரிசை: சுருள்மணி அண்ணனுக்குக் கோபம் ஏன் என்று தெரியும். கல்யாண வீடியோ எடிட் செய்கிறவர். ஆல்பத்தில் ஸ்டூடியோ பெயர்தான் இருக்கும், இவர் பெயர் இருக்காது.

சுருள்மணி: ஆமாம், செய்கிறேன். பதினாறு மணி நேர ஃபுட்டேஜை மூன்று மணி நேரமாக்கித் தருகிறேன். மாமனார் முறைத்தது, குழந்தை அழுதது எல்லாம் எங்கே போனது என்று யாரும் கேட்பதில்லை. போன வருடம் இங்கே என் குறும்படத்தை 'ஜவ்வு' என்றவர்தானே நீங்கள்? மறக்கவில்லை.

கடைசிவரிசை: ஜவ்வுதான்.

மோர்க்குழம்பு: எடிட்டர் என்றால் யார் என்று...

வெள்ளித்திரைவாசி: 'த்ஸிகா'.

சுருள்மணி: சரி, கடைசியாக ஒன்று. 1954இல் வெர்டோவ் இறந்தார். அதன்பின் 1975இல் தானும் இறக்கும்வரை அவருடைய காகிதங்களைப் பாதுகாத்தது ஸ்விலோவா. நீங்கள் இன்று வெர்டோவின் மூளையைப் பற்றிப் பேச முடிவதே அந்த 'உதவியாளர்' புண்ணியத்தில்.

கடைசிவரிசை: அதாவது உதவியிருக்கிறார். நானும் அதைத்தானே சொன்னேன்?

சுருள்மணி: இருங்கள், டைட்டில் கார்டைப் படம் பிடித்துப் போடுகிறேன்.

கடைசிவரிசை: போடுங்கள். 'உதவியாளர்' என்றுதான் இருக்கும்.